பெயர் மறந்துபோன நம்ம எம்.பி.



இது கொஞ்சம் நீளமான பதிவு. வேலையெல்லாம் முடித்துவிட்டு நிதானமாகப் படியுங்கள். வண்டி ஓட்டும்போது மட்டும் படிக்க வேண்டாம். ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பது போகப்போகப் புரியும்.

போன வாரம் ஒரு வேலையாகத் திண்டிவனம் போயிருந்தேன். பேருந்துக்கு நேரம் இருந்ததால் ஒரு டீக்கடையில் உட்கார்ந்தேன். பக்கத்தில் நாலு பேர் அரசியல் பேசிக்கொண்டிருந்தார்கள். யாருக்கு எத்தனை சீட்டு, யார் யாரோடு சேருவார்கள் என்று விலாவாரியாகப் பேச்சு. பழைய வாத்தியார் புத்தி சும்மா இருக்குமா? "ரவிக்குமாருக்கு முன்னாடி நம்ம விழுப்புரம் எம்.பி. யாருப்பா?" என்று கேட்டுவிட்டேன். ஒருவர் யோசித்து, "ஆனந்தன்" என்றார். "அவர் 2009. அவருக்கு அடுத்து வந்தவர்?" என்றேன். நாலு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கடைசியில் டீ ஆற்றிக்கொண்டிருந்தவர்தான் சொன்னார்: "அதான் சார், நம்ம ரோட்டுல ஆக்சிடென்ட்ல போயிட்டாரே, அவரு."

பெயர் யாருக்கும் வரவில்லை. உண்மையைச் சொன்னால், எனக்கே ஒரு நிமிடம் கழித்துத்தான் வந்தது. எஸ்.ராஜேந்திரன்.

பேருந்தில் திரும்பி வரும்போதெல்லாம் மனசு ஒரு மாதிரியாகவே இருந்தது. நம் மாவட்டத்துக்காரர் ஒருவர். தொழில் செய்துகொண்டே கட்சி வேலையும் பார்த்து, நாட்டின் மக்களவை வரைக்கும் போனவர். 4,82,704 பேர் அவருக்கு ஓட்டுப் போட்டிருக்கிறார்கள். சில வருடங்களிலேயே அவர் நம் நினைவில் ஒரு விபத்துச் செய்தியாக மட்டும் மிஞ்சிவிட்டார். இதில் அவர் குற்றம் ஒன்றும் இல்லை. குற்றம் நம்முடையது. முக்கியமாக என்னைப் போன்ற வாத்தியார்களுடையது. அதை விளக்கத்தான் இந்தப் பதிவு.

இப்போதே ஒன்று சொல்லிவிடுகிறேன். நான் எந்தக் கட்சியிலும் இல்லை. இது யாரையும் புகழவோ இகழவோ எழுதியதில்லை. கமெண்டில் கட்சிச் சண்டை போட வேண்டாம்.

முதலில் தொகுதியின் கதை. இளையவர்களுக்கு இது தெரிந்திருக்க வாய்ப்பில்லை. 1952இல் நடந்த முதல் பொதுத்தேர்தலில் இருந்து 2008 தொகுதி மறுசீரமைப்பு வரைக்கும் நம் பக்கம் இருந்தது திண்டிவனம் நாடாளுமன்றத் தொகுதி. அந்த முதல் தேர்தலில் அது இரட்டை உறுப்பினர் தொகுதி. உழைப்பாளர் கட்சி சார்பில் இரண்டு பேர் ஜெயித்துப் போனார்கள். அந்தக் கட்சியைத் தொடங்கிய எஸ்.எஸ்.ராமசாமி படையாட்சியாரே பிறகு காங்கிரசில் நின்று 1980, 1984 தேர்தல்களில் திண்டிவனத்தின் எம்.பி. ஆனார். 1996இல் ஜெயித்த தி.மு.க.வின் டி.ஜி.வெங்கட்ராமன் மத்தியில் தரைவழிப் போக்குவரத்து அமைச்சராக இருந்தார். 1998, 1999 இரண்டு தேர்தல்களிலும் ஜெயித்த செஞ்சி ராமச்சந்திரன், வாஜ்பாய் அமைச்சரவையில் இணை அமைச்சராக இருந்தார். 2004இல் பா.ம.க.வின் தன்ராஜ். அதோடு திண்டிவனம் தொகுதி முடிந்தது.

2009இல் இருந்து விழுப்புரம் தொகுதி. திண்டிவனம், வானூர், விழுப்புரம், விக்கிரவாண்டி, திருக்கோவிலூர், உளுந்தூர்பேட்டை என்று ஆறு சட்டமன்றத் தொகுதிகள் இதில் அடங்கும். தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் ஏழு தனித்தொகுதிகள், அவற்றில் இது ஒன்று. செஞ்சியும் மயிலமும் ஆரணியோடு போய்விட்டன.

2014 பிப்ரவரி 24, ஜெயலலிதாவின் பிறந்தநாள். அன்றைக்குத்தான் அ.தி.மு.க. 40 தொகுதிகளுக்கும் வேட்பாளர் பட்டியலை வெளியிட்டது. விழுப்புரத்தில் ராஜேந்திரன் நின்றார். ஏப்ரல் 24 வாக்குப்பதிவு, மே 16 முடிவு. தி.மு.க.வின் டாக்டர் முத்தையனை 1,93,367 ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். தே.மு.தி.க.வின் உமாசங்கர் மூன்றாவது இடம். அந்தத் தேர்தலில் அ.தி.மு.க.வுக்கு மட்டும் 37 இடம். பா.ஜ.க., காங்கிரசுக்கு அடுத்து மக்களவையில் மூன்றாவது பெரிய கட்சி நம் ஊர்க்காரர்களின் கட்சிதான்.

சின்ன ஊரில் தொழில் செய்கிறவர் அரசியலுக்கு வருவதை நான் தாழ்வாக நினைப்பவன் இல்லை. ஊரில் தொழில் செய்பவருக்கு மனிதர்களைத் தெரியும். யாருக்கு என்ன கஷ்டம், யார் சொன்ன சொல்லைக் காப்பாற்றுவார், எந்த ஆபீசில் எந்த மேசையில் ஃபைல் நிற்கும் என்பதெல்லாம் அத்துப்படி. கொடுக்கல் வாங்கலில் பழகியவருக்கு நாலு பேரை உட்கார வைத்துப் பேசி முடிக்கத் தெரியும். மேடைப் பேச்சும் பட்டமும் இருந்தால்தான் டெல்லிக்குப் போக வேண்டும் என்று நம் அரசியல் சட்டம் சொல்லவில்லை. 25 வயது ஆகியிருக்க வேண்டும், இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் முக்கியம். பேச்சுக்கூட, முன்கூட்டியே சொல்லிவிட்டால் மக்களவையில் தமிழிலேயே பேசலாம், மொழிபெயர்ப்பு உண்டு.

ஆனால் அப்படிப் போனவரிடம் நாம் என்ன கேட்டோம்? இங்கேதான் விஷயம் இருக்கிறது.

ஹைமாஸ் லைட் கேட்டோம். பேருந்து நிழற்குடை கேட்டோம். சமுதாயக் கூடம் கேட்டோம். கல்யாணத்துக்கு வந்தாரா, கருமாதிக்கு வந்தாரா என்று பார்த்தோம். வந்தால் நல்ல எம்.பி., வராவிட்டால் "ஜெயிச்சதோட சரி, எட்டிக்கூடப் பார்க்கல" என்றோம்.

கொஞ்சம் கணக்குப் போடுவோம். எம்.பி.க்கு தொகுதி மேம்பாட்டு நிதி என்று அப்போது ஆண்டுக்கு ஐந்து கோடி ரூபாய். அந்தப் பணம் அவர் கைக்கு வராது. அவர் பரிந்துரை மட்டும் செய்வார், மாவட்ட நிர்வாகம்தான் வேலையைச் செய்யும். ஐந்து கோடியை ஆறு சட்டமன்றத் தொகுதிக்குப் பிரித்தால் ஒன்றுக்கு 83 லட்சம் சொச்சம். ஒரு சட்டமன்றத் தொகுதியில் எத்தனை கிராமங்கள் இருக்கின்றன என்று உங்களுக்கே தெரியும். இந்தத் திட்டமே 1993இல்தான் வந்தது. அதற்கு முன்னால் நாற்பது வருடம் எம்.பி.க்கள் இது இல்லாமல்தான் இருந்தார்கள். அப்படியென்றால் எம்.பி.யின் உண்மையான வேலை இது இல்லை என்றுதானே அர்த்தம்?

அவருடைய வேலை சட்டம் செய்வது. அரசாங்கத்தைக் கேள்வி கேட்பது. பட்ஜெட்டை அலசுவது. நிலைக்குழுக்களில் உட்கார்ந்து மசோதாவை வரிவரியாகப் படிப்பது. எட்டாம் வகுப்புச் சமூக அறிவியலில் இதையெல்லாம் நானே உங்களுக்கு நடத்தியிருக்கிறேன். எப்படி நடத்தினேன்? "மக்களவை உறுப்பினர்களின் எண்ணிக்கை எத்தனை?" என்று கேட்பேன், "ஐந்நூற்று நாற்பத்தைந்து சார்" என்று கோரஸாகச் சொல்வீர்கள். இரண்டு மார்க். ஒருநாளாவது "அந்த 545 பேரில் உன் ஊருக்காக உட்கார்ந்திருப்பவர் யார்? போன வாரம் அங்கே என்ன பேசினார்?" என்று கேட்டேனா? கேட்கவில்லை. முப்பது வருடத்துக்கும் மேல் பாடம் நடத்தி ஒருமுறைகூடக் கேட்கவில்லை. டீக்கடையில் அந்த நாலு பேர் முழித்ததற்கு நானும் ஒரு காரணம். அவர்களும் யாரோ ஒரு வாத்தியாரிடம் படித்தவர்கள்தானே.

இப்போது 2019க்கு வருகிறேன்.

16ஆவது மக்களவையின் கடைசி அமர்வு 2019 பிப்ரவரி 13இல் முடிந்தது. தேர்தல் நெருங்கிவிட்டது. 19ஆம் தேதி அ.தி.மு.க.வும் பா.ம.க.வும் கூட்டணி அறிவித்தன. நம் பக்கம் எங்கும் அதே பேச்சு. 23ஆம் தேதி சனிக்கிழமை அதிகாலை, திண்டிவனம் அருகே ராஜேந்திரன் போன கார் சாலையின் நடுவிலுள்ள தடுப்பில் மோதியது. அவர் இறந்துவிட்டார். வயது 62. வேட்பாளர் பட்டியல் வந்த நாளில் இருந்து எண்ணினால் ஐந்து வருடத்துக்கு ஒருநாள் குறைவு. மக்களவையின் காலம் முடிய சில மாதங்களே இருந்ததால் இடைத்தேர்தலும் இல்லை. மே மாதம் புது எம்.பி. வந்தார். ஊர் அதோடு மறந்துவிட்டது.

ஆனால் இந்தச் சாவுக்கும் அவர் உட்கார்ந்திருந்த அவைக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. அதை நம் ஊரில் யாரும் பேசி நான் கேட்கவில்லை. அதைத்தான் இன்று சொல்ல வந்தேன்.

அந்த 16ஆவது மக்களவை தொடங்கியதே ஒரு சாலை விபத்துச் சாவோடுதான். 2014 மே 26இல் மத்திய ஊரக வளர்ச்சித் துறை அமைச்சராகப் பதவி ஏற்ற கோபிநாத் முண்டே, ஜூன் 3ஆம் தேதி காலையில் டெல்லியில் கார் விபத்தில் இறந்துபோனார். மறுநாள் கூடிய புதிய அவை, முதல் நாளே அவருக்கு இரங்கல் தெரிவித்துவிட்டுக் கலைந்தது. சாலைப் பாதுகாப்புக்குப் புதிய சட்டம் கொண்டுவருவோம் என்று அரசாங்கம் சொன்னது. இரண்டு வருடம் கழித்து, 2016 ஆகஸ்டில் மோட்டார் வாகனச் சட்டத் திருத்த மசோதா மக்களவைக்கு வந்தது. 2017 ஏப்ரல் 10ஆம் தேதி மக்களவை அதை நிறைவேற்றியது. நம்ம எம்.பி. உறுப்பினராக இருந்த அதே அவை.

அங்கிருந்து மாநிலங்களவைக்குப் போனது. மாநில உரிமை போகிறது என்று எதிர்ப்பு வந்தது. அதில் நியாயமும் இருந்தது. மோட்டார் வாகனம் பொதுப்பட்டியலில் இருக்கும் விஷயம், மாநிலத்தைக் கேட்காமல் எல்லாவற்றையும் டெல்லியே முடிவு செய்யக் கூடாதுதான். தெரிவுக்குழுவுக்கு அனுப்பினார்கள். குழு அறிக்கையும் கொடுத்தது. பிறகு அப்படியே கிடந்தது. 2018 போனது. 2019 பிப்ரவரியில் கடைசி அமர்வும் முடிந்தது. மக்களவை கலைந்ததும் மசோதா காலாவதி ஆகிவிட்டது. புதிய மக்களவை முதலில் இருந்து தொடங்கி, ஜூலையில் இரண்டு அவைகளிலும் நிறைவேற்றி, 2019 செப்டம்பர் 1இல் இருந்துதான் பல பிரிவுகள் நடைமுறைக்கு வந்தன.

ஒரு அமைச்சரின் சாவில் தொடங்கிய பேச்சு, அது சட்டமாவதற்குள் அதே அவையின் இன்னொரு உறுப்பினர் நம் ஊர் ரோட்டில் செத்துப்போனார். இடைப்பட்ட ஐந்து வருடத்தில் சாலையில் செத்த சாதாரண ஜனங்கள் எத்தனை பேர்? 2019ஆம் ஆண்டில் மட்டும் நாடு முழுக்க 1,51,113 பேர் என்கிறது மத்திய அரசின் கணக்கு. தமிழ்நாட்டில் 10,525 பேர். மக்களவை நிறைவேற்றிய மசோதா மறுபக்கம் தூங்கிய இரண்டேகால் வருடத்தில் மூன்று லட்சத்துக்கும் மேல். நம் விழுப்புரம் தொகுதியில் 2014இல் ராஜேந்திரனுக்கு ஓட்டுப் போட்டவர்களில் பாதிக்கும் மேல் என்று நினைத்துப் பாருங்கள்.

அந்தச் சட்டம் முன்பே வந்திருந்தால் அவர் பிழைத்திருப்பார் என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்ல யாராலும் முடியாது. சட்டம் வந்த பிறகும் சாவு நின்றுவிடவில்லை என்பதும் தெரியும். அபராதம் கூடியதுதான் எல்லோருக்கும் தெரிந்தது. ஹெல்மெட் போடாவிட்டால் ஆயிரம், பெல்ட் போடாவிட்டால் ஆயிரம். ஆனால் அதில் வேறு இரண்டு முக்கியமான விஷயங்கள் இருக்கின்றன. ஒன்று, சாலையைத் தப்பாக வடிவமைத்தாலோ சரியாகப் பராமரிக்காவிட்டாலோ, அதனால் உயிர் போனால், சாலை போட்டவர்களும் பொறுப்பு. அதற்கும் அபராதம் உண்டு. இரண்டு, அடிபட்டவரை நல்ல எண்ணத்தோடு தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுகிறவர் மேல் வழக்கு வராது. அவர் பெயர், விலாசம் சொல்ல வேண்டும் என்று வற்புறுத்தக் கூடாது. "போலீஸ் கேஸ் ஆயிடும், நமக்கெதுக்கு வம்பு" என்று எத்தனை பேர் வேடிக்கை பார்த்துவிட்டுப் போயிருக்கிறோம்? அந்தப் பயத்தைத் தீர்க்கிற பிரிவு அந்த மசோதாவில் இருந்தது. அது இரண்டு வருடம் தூங்கியது. நம்மில் ஒருத்தர்கூட நம்ம எம்.பி.க்கு ஒரு போஸ்ட் கார்டு போட்டு, "ஐயா, அந்த மசோதா என்ன ஆச்சு? மாநிலங்களவையில் உங்கள் கட்சி என்ன சொல்கிறது?" என்று கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. அப்படி ஒரு மசோதா கிடக்கிறது என்பதே எனக்கு ஓய்வு பெற்ற பிறகு பேப்பரைக் கரைத்துக் குடிக்கும்போதுதான் தெரிந்தது.

நாம் கேட்டது நிழற்குடை.

"சார், கேட்டால் மட்டும் ஒரு எம்.பி. என்ன செய்துவிட முடியும்? கட்சி சொன்னபடிதானே கை தூக்க வேண்டும்?" என்று நீங்கள் கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். 1985இல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டத்துக்குப் பிறகு, கொறடா உத்தரவை மீறினால் பதவியே போகும். ஆனால் அதற்காக ஒரு எம்.பி. வெறும் பொம்மை இல்லை. ராஜேந்திரனையே எடுத்துக்கொள்ளுங்கள். ஜெயலலிதா மறைந்த பிறகு 2017 பிப்ரவரியில் கட்சி இரண்டாகப் பிளந்தபோது, பெரும்பான்மை எம்.எல்.ஏ.க்கள் ஒருபக்கம் இருக்க, ஓ.பன்னீர்செல்வம் பக்கம் போன எம்.பி.க்களில் இவரும் ஒருவர். அது சரியா தப்பா என்பது வேறு பேச்சு. ஆனால் ஒரு முடிவை எடுக்க அவரால் முடிந்தது என்பதைக் கவனியுங்கள். கட்சி விவகாரத்தில் முடிவெடுக்க முடிகிற ஒருவரால், தொகுதி ஜனங்கள் ஆயிரம் பேர் சேர்ந்து ஒரு சட்டத்தைப் பற்றிக் கேட்டிருந்தால், கேள்வி நேரத்திலோ பூஜ்ஜிய நேரத்திலோ எழுந்து பேசவும் முடிந்திருக்கும். நாம் கேட்கவில்லை. கேட்காத ஜனங்களுக்காக எந்த எம்.பி.யும் தானாக எழுந்து நிற்க மாட்டார், எந்தக் கட்சியாக இருந்தாலும் சரி.

இன்னொரு விஷயத்தையும் மனம் விட்டுச் சொல்லிவிடுகிறேன். உறவினர்களில் சிலருக்குக் கோபம் வரலாம், வந்தால் பரவாயில்லை. இது தனித்தொகுதி ஆன பிறகு நம்மில் பலர் எம்.பி.யை "நம்ம எம்.பி." என்று சொல்வதே குறைந்துவிட்டது. "அவங்க ஆளு" என்று ஒரு தூரம் வைத்துப் பேசுகிறார்கள். இரட்டை இலைக்குப் போட்டேன், சூரியனுக்குப் போட்டேன் என்கிறோமே ஒழிய இன்னாருக்குப் போட்டேன் என்று சொல்வதில்லை. தனித்தொகுதி என்றால் அந்தச் சமூகத்தினர் மட்டும் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பது இல்லை. 1932 பூனா ஒப்பந்தத்தில் அப்படிப்பட்ட தனி வாக்காளர் தொகுதியை விட்டுக்கொடுத்து, எல்லோரும் சேர்ந்து ஓட்டுப் போடும் முறைக்கு அம்பேத்கர் ஒப்புக்கொண்டார். அந்த ஏற்பாட்டில் நிற்பவர் பட்டியல் சாதியைச் சேர்ந்தவராக இருப்பார், தேர்ந்தெடுப்பவர்கள் எல்லாச் சாதியினரும். ஆகையால் அவர் எல்லோருக்கும் எம்.பி. ராஜேந்திரன் பெயர் நமக்கு இவ்வளவு சீக்கிரம் மறந்ததில் இந்தத் தூரத்துக்கும் ஒரு பங்கு இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். ராமசாமி படையாட்சியாருக்கு கடலூரில் மணிமண்டபம் எழுப்பியிருக்கிறார்கள். நல்லது, இருக்கட்டும். நம் ரோட்டிலேயே செத்துப்போன எம்.பி.யின் பெயராவது நமக்கு நினைவில் இருக்க வேண்டாமா?

ரோட்டைப் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். சென்னையில் இருந்து வரும் ஜி.எஸ்.டி. ரோடு திண்டிவனத்தில் பிரிந்து ஒரு பக்கம் பாண்டிச்சேரிக்கும், ஒரு பக்கம் விழுப்புரம் வழியாகத் திருச்சிக்கும் போகிறது. திருவண்ணாமலை வண்டியும் அங்கேதான் திரும்புகிறது. திண்டிவனத்தில் இருந்து செஞ்சி வழியாகத் திருவண்ணாமலைக்கு ரயில் பாதை 2006-07இலேயே அனுமதி ஆனது. இன்னும் ஒரு ரயில்கூட ஓடவில்லை. அந்த ரயிலில் போயிருக்க வேண்டிய ஜனமும் ரோட்டில்தான் போகிறது. அதையும் எந்த எம்.பி.யிடமும் விடாமல் கேட்க ஆள் இல்லை.

என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்த பையன் ஒருவன். பெயர் வேண்டாம், அவன் அம்மா இன்னும் இருக்கிறார்கள். காய்கறி லோடு வண்டி ஓட்டினான். ராத்திரி கோயம்பேட்டுக்குப் போய் இறக்கிவிட்டு, தூங்காமல் விடியற்காலையில் திரும்புவான். "ரெண்டு மணி நேரம் படுத்துட்டு வாடா" என்று ஒருமுறை சொன்னேன். "இன்னொரு நடை போகும் சார்" என்று சிரித்தான். விக்கிரவாண்டி டோல்கேட் தாண்டி ஒரு விடியற்காலையில் போய்விட்டான். அவன் சாவு உள்ளூர்ப் பக்கத்தில் நாலு வரி. எம்.பி.யின் சாவு முதல் பக்கம். ரோடு ஒன்றுதான், நேரமும் ஏறக்குறைய ஒன்றுதான். விடியற்காலை மூன்றில் இருந்து ஆறு வரைக்கும் உடம்பு தூக்கத்துக்கு ஏங்குகிற நேரம். நாலு வழிச்சாலை நேராக, வழவழவென்று போவதால் கண் சொக்குவதுகூடத் தெரியாது.

அதனால் பிள்ளைகளே, உங்களிடம் கேட்டுக்கொள்வது இதுதான்.

சென்னையில் வேலை பார்க்கிறவர்கள் பொங்கலுக்கும் தீபாவளிக்கும் ராத்திரி ராத்திரியாகக் கார் எடுத்துக்கொண்டு வராதீர்கள். வந்துதான் ஆக வேண்டும் என்றால் மேல்மருவத்தூரிலோ திண்டிவனத்திலோ ஓரமாக நிறுத்தி, ஒரு மணி நேரம் தூங்கிவிட்டு வாருங்கள். பின் சீட்டில் உட்கார்ந்தாலும் பெல்ட் போடுங்கள். டிரைவர் வைத்திருப்பவர்கள் அவர் தூங்கினாரா, சாப்பிட்டாரா என்று கேட்டுவிட்டு வண்டியை எடுக்கச் சொல்லுங்கள். ரோட்டில் யாராவது அடிபட்டுக் கிடந்தால் நின்று 108க்குப் போன் பண்ணுங்கள், முடிந்தால் ஆஸ்பத்திரியில் சேருங்கள். உங்கள் மேல் கேஸ் வராது. முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்கு அரசே செலவு செய்யும் திட்டத்தை 2021 டிசம்பரில் நம் பக்கத்து மேல்மருவத்தூரில்தான் முதலமைச்சர் தொடங்கிவைத்தார். அதற்குக் காப்பீட்டு அட்டைகூட வேண்டியதில்லை. இதைப் பத்து பேருக்குச் சொல்லுங்கள்.

அடுத்தது, எம்.பி. யாராக இருந்தாலும், எந்தக் கட்சியாக இருந்தாலும், வருடத்துக்கு ஒரு கடிதமாவது எழுதுங்கள். நிழற்குடைக்கு இல்லை. ஒரு சட்டத்தைப் பற்றி, ஒரு ரயில் பாதையைப் பற்றி, நம் ரோட்டில் அடிக்கடி விபத்து நடக்கும் ஓர் இடத்தைப் பற்றி. அவர் மக்களவையில் என்ன கேள்வி கேட்டார், எத்தனை நாள் வந்தார் என்பதெல்லாம் இப்போது கைப்பேசியிலேயே பார்க்கலாம். சினிமா டிரெய்லர் பார்க்கும் நேரத்தில் பத்து நிமிடம் போதும். தேர்தலுக்கு அடுத்த வேட்பாளர் வாசலுக்கு வரும்போது "எங்க தெருவுக்கு என்ன செய்வீங்க?" என்பதோடு "அங்கே போய் என்ன பேசுவீங்க?" என்றும் கேளுங்கள்.

உங்களில் ஆசிரியராக இருப்பவர்கள் பலர். உங்களுக்குத் தனியாக ஒன்று. 545, 543 என்று எண்ணை மட்டும் சொல்லிக் கொடுத்த தப்பை நான் செய்துவிட்டேன். நீங்கள் செய்யாதீர்கள். நாளைக்கு வகுப்புக்குப் போனதும் "நம்ம எம்.பி. யார்? அவருக்கு முன்னாடி யார்?" என்று கேளுங்கள். ஒரு பிள்ளையாவது "எஸ்.ராஜேந்திரன் சார்" என்று சொன்னால், விபத்தில் இறந்தவர் என்று அந்தப் பிள்ளை சொல்லி முடிப்பதற்குள், "அவர் இருந்த அவையில் ஒரு மசோதா வந்துச்சு, கேளு" என்று இந்தக் கதையைச் சொல்லுங்கள்.

பிப்ரவரி 23 வரும்போது அவருக்கு மனசுக்குள் ஒரு அஞ்சலி செலுத்துங்கள். அந்தக் காய்கறி வண்டிப் பையனுக்கும் சேர்த்து.

எல்லோரும் நலமாக வீடு போய்ச் சேருங்கள். போய்ச் சேர்ந்ததும் வீட்டுக்கு ஒரு போன் போடுங்கள்.

அன்புடன்,
உங்கள் சார்